அம்மா கொட்டிய மோர்

இன்று அம்மாவின் தலைத்திவசத்துக்கு வந்து இந்த நினைவு மலரைக் கையில் வாங்கியிருக்கும் உறவினர்களே, நண்பர்களே, பந்தியில் உட்காரும் முன் தயவுசெய்து கையைக் கழுவிவிடுங்கள். சோப்புப் போட்டு. அம்மா இருந்திருந்தால் உங்களை வரவேற்கும்போது முதலில் இதைத்தான் சொல்லியிருப்பார். மகள் நான் அவர் சார்பில் சொல்லிவிட்டேன். இனி நிம்மதியாக எழுதலாம்.

அம்மா பிறந்தது வரிச்சிக்குடியில், நெல் சாகுபடி செய்யும் குடும்பத்தில். தாத்தா சீக்கிரமே கண்ணை மூடிவிட்டார். மாமா, அதாவது அம்மாவின் ஒரே அண்ணன், பள்ளிக்கூடத்தைப் பாதியில் விட்டுவிட்டு வயலில் இறங்கினார். தங்கை படிக்க வேண்டும் என்பதில் மட்டும் விட்டுக்கொடுக்கவில்லை. “பொம்பளைப் புள்ளைய டாக்டருக்குப் படிக்க வெச்சு என்னத்தக் கிழிக்கப் போற?” என்று கேட்ட பங்காளிகளிடம், “எந் தங்கச்சி கிழிப்பா, நீ பாரு” என்று சொல்லிவிட்டு, அம்மாவைச் சைக்கிளில் உட்காரவைத்து பஸ் ஏற்றிவிடப் போவாராம். புதுச்சேரியில் மருத்துவம் முடித்துத் திரும்பியபோது ஊரே மாமாவைத்தான் பாராட்டியது.

ஆனால் அம்மா கிளினிக் வைக்கவில்லை. பொதுச் சுகாதாரத் துறையில் சேர்ந்தார். குடிநீர்த் தொட்டி, சாக்கடை, கொசு, தடுப்பூசி முகாம் என்று அலைந்தார். உறவுக்காரர்களுக்குப் பெரிய ஏமாற்றம். “ஊசி போடாத டாக்டரு என்ன டாக்டரு?” என்பார்கள். முதுகுக்குப் பின்னால் ‘கக்கூஸ் டாக்டர்’ என்று பெயரும் வைத்தார்கள். அது காதில் விழுந்த அன்று அம்மா விழுந்து விழுந்து சிரித்தார். “வந்த நோயப் பாக்க நெறைய பேரு இருக்காங்க. வராமப் பாக்க யாராச்சும் வேணாமா?” என்பதுதான் அவர் பதில்.

விழிதியூருக்கு மருமகளாக வந்து, என்னையும் வளர்த்துக்கொண்டு, படிப்படியாக மாவட்டத்தின் சுகாதாரப் பணிகள் அனைத்துக்கும் தலைமைப் பொறுப்பேற்றார். புயல் அடித்தால் நிவாரண முகாமில் இருப்பார். கொரோனா காலத்தில் வீட்டுக்கு வந்தாலும் வாசல் அறையோடு சரி. கல்யாண வீட்டுக்குப் போனால் பெண்ணையும் மாப்பிள்ளையையும் பார்ப்பதற்கு முன் சமையற்கட்டுக்குப் போய்த் தண்ணீர்த் தொட்டியைப் பார்ப்பார். கைப்பையில் குளோரின் சோதிக்கும் சின்னக் கண்ணாடிக் குழாய் எப்போதும் இருக்கும். குளோரின் இருக்கிறது என்று தண்ணீர் மஞ்சளாக மாறிக் காட்டினால்தான் அவர் முகத்தில் சிரிப்பு வரும். எனக்கு மானம் போகும்.

அவர் பட்ட பெரிய கஷ்டம் புயலும் இல்லை, கொரோனாவும் இல்லை. அதை இங்கே எழுத மாமா அனுமதி கொடுத்துவிட்டார். “எழுது, எனக்கென்ன வெக்கம்?” என்றார்.

அது ஒரு சித்திரை மாதம். அக்கம்பக்கத்தில் வயிற்றுப்போக்கு பரவிக்கொண்டிருந்த நேரம். வரிச்சிக்குடி மாரியம்மன் திருவிழாவில் ஒரு நாள் மண்டகப்படி மாமா குடும்பத்துடையது. அன்றைய பூசையும் வருகிறவர்களுக்கு நீர்மோரும் அவர்கள் பொறுப்பு. அம்மாவும் நானும் போய் இறங்கியபோது பெரிய டிரம்மில் மோர் தயாராக இருந்தது. அதில் பாளம் பாளமாக ஐஸ் மிதந்தது. அம்மா அப்படியே நின்றுவிட்டார்.

“அண்ணே, இந்த ஐஸு எங்கேருந்து வந்துது?”

“ஐஸ் கம்பெனிலேருந்துதான். வெயிலு இந்தப் போடு போடுது. சனங்களுக்கு ஜில்லுன்னு குடுக்க வேணாமா?”

“அது மீனுக்குப் போடுற ஐஸுண்ணே. குடிக்கிற தண்ணில செய்யிறது இல்ல. மோரக் கொட்டச் சொல்லுங்க.”

“சாமிக்குப் படைச்சாச்சுடீ!”

“சாமிக்கு ஒண்ணும் ஆவாது. புள்ளைங்களுக்கு ஆவும்.”

கடலோரத்தில் இருக்கும் நம்மவர்கள் செய்கிற தப்பு இது. மீன் கெடாமல் இருக்கச் செய்யும் ஐஸ், கண்ணாடி மாதிரி பளபளவென்று இருக்கும். அதில் அழுக்கு இருக்கும் என்று யார் நினைப்பார்கள்? மாமா நல்ல மனதோடுதான் செய்தார். ஆனால் டம்ளரை நீட்டிக்கொண்டு பிள்ளைகள் வரிசையில் நின்றார்கள். யாரும் டிரம்மைத் தொடவில்லை. அம்மா புடவையை இழுத்துச் செருகிக்கொண்டு, தானே அதைச் சாய்த்தார். மோர் கோயில் வாசல் மணலில் ஓடியது.

“ஒன்ன டாக்டருக்குப் படிக்க வெச்சது எம் மோரக் கொட்டவா?” என்று கேட்டார் மாமா. இடுப்பில் கட்டியிருந்த துண்டை அவிழ்த்துத் தோளில் போட்டுக்கொண்டு விறுவிறுவென்று வீட்டுக்குப் போய்விட்டார். அதன் பிறகு பேச்சு இல்லை, போக்குவரத்து இல்லை.

அம்மா அந்த ஐஸைப் பரிசோதனைக்கு அனுப்பினார்; கெட்டது என்று அறிக்கை வந்தது. “அதக் கொண்டுபோயி ஒங்கண்ணங்கிட்ட காட்டேன்” என்றார் அப்பா. “அவரத் தோக்கடிச்சு எனக்கு என்னங்க ஆவப் போவுது?” என்று அம்மா சொல்லிவிட்டார். ஆனால் பொங்கலுக்கு முதல் நாள் பிறந்த வீட்டுச் சீர் வரும் நேரத்தில், “வாசல்ல வண்டிச் சத்தம் கேட்டுதாடீ?” என்று என்னைக் கேட்பார். எந்த வண்டியும் வராது. என் கல்யாணத்தில் தாய்மாமன் மாலையை ஒரு தூரத்து உறவினர்தான் போட்டார். மேடையில் சிரித்தபடி நின்ற அம்மா, சாமான் அறையில் முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு அழுததை நான் பார்த்தேன். மாமா மேல் எனக்கு அப்போது வந்த கோபம் கொஞ்சநஞ்சமல்ல.

ஓய்வு பெற்ற பிறகு அம்மாவுக்கு நோய் வந்தது. வைத்தியத்தில் பலன் இல்லை என்று ஆனதும் வீட்டுக்கு அழைத்து வந்தோம். சாப்பாடு இறங்கவில்லை. ஒரு நாள், “கோடி போடவாச்சும் வருவாரா எங்கண்ணன்?” என்று கேட்டார். இறந்த பெண்ணுக்குப் பிறந்த வீட்டிலிருந்து வரவேண்டிய புடவையைச் சொல்கிறார் என்று புரிந்ததும் எனக்குத் தாங்கவில்லை. மாமாவுக்குப் போன் போட்டு அந்த வார்த்தையை அப்படியே சொன்னேன். அவர் போனை வைத்துவிட்டார்.

மறுநாள் காலையில் வாசலில் வண்டிச் சத்தம் கேட்டது. மாமா கையில் ஒரு தூக்குவாளி.

“உள்ள வரலாமா?”

“வாங்கண்ணே.”

“மோரு கொண்டாந்தேன். தண்ணியக் கொதிக்க வெச்சு ஆற வெச்சுக் கலக்குனது. ஐஸு போடல.”

அம்மா தூக்குவாளியைப் பார்த்தார். பிறகு கேட்டார்: “கையக் கழுவுனீங்களா?”

மாமாவுக்குச் சிரிப்பும் அழுகையும் ஒன்றாக வந்துவிட்டது. “கழுவிட்டுத்தாண்டி தொட்டேன், ராட்சசி!” என்றார். பக்கத்தில் உட்கார்ந்து ஸ்பூனில் கொடுத்தார். அம்மா மோரைக் கொட்டிய மறு வருசத்திலிருந்தே மண்டகப்படிக்குக் கொதித்த தண்ணீரில்தான் மோர் கலக்குவதாக அப்போதுதான் சொன்னார்.

“அத அன்னைக்கே சொல்லியிருக்கலாமுல்ல?”

“சொன்னா நீ ஜெயிச்சுட்டேன்னு ஆயிடுமே!”

அம்மா சிரித்தார். கடைசி நாட்களில் அவர் குடித்ததெல்லாம் மாமா கொண்டுவந்த மோர்தான். நிம்மதியாகப் போய்ச் சேர்ந்தார். பிறந்த வீட்டுக் கோடி வந்தது. அரக்குப் பட்டு, அம்மாவுக்குப் பிடித்த நிறம்.

அம்மாவைத் தூக்கவும் குளிப்பாட்டவும் உதவிய செவிலியர்களுக்கும், வேலையை விட்டுவிட்டு வந்து நின்ற அவருடைய துறை ஊழியர்களுக்கும், வீட்டில் அடுப்பு எரியாத நாட்களில் எங்களுக்குச் சோறு அனுப்பிய விழிதியூர்த் தெருவாருக்கும் எங்கள் குடும்பத்தின் நன்றி. அத்தனை நாளும் ஒரு முணுமுணுப்பு இல்லாமல் அம்மாவைப் பார்த்துக்கொண்ட அப்பாவுக்கு நன்றி சொன்னால் திட்டுவார். ஆனாலும் சொல்கிறேன்.

கடைசியாக மாமாவுக்கு. இந்தச் சித்திரையில் அவருடைய மண்டகப்படிக்கு நான் போயிருந்தேன். மாமா டிரம்முக்குப் பக்கத்தில் நாற்காலி போட்டு உட்கார்ந்திருந்தார். வெயில் தாங்காமல் யாரோ சாக்கில் சுற்றி ஐஸ் கட்டி கொண்டுவந்தார்கள். மாமா பதறி எழுந்தார்.

“அட, அத மொதல்ல எடுத்துட்டுப் போயிடுங்கப்பா. எந் தங்கச்சி பாத்தா அம்புட்டு மோரையும் கொட்டிப்புடும்.”