அழுகை நின்ற பிறகு வருபவள்

வசந்தா போய்விட்டாள் என்ற செய்தி எனக்குப் பாராடாங் படகுத்துறையில் வந்தது. ரங்கத்தில் தம்பி மகளுக்குச் சடங்கு முடித்துவிட்டுப் போர்ட் பிளேருக்குத் திரும்பிக்கொண்டிருந்தேன். பஸ்ஸைப் படகில் ஏற்றுவதற்காக எங்களை இறக்கிவிட்டிருந்தார்கள். அக்கரை போய்விட்டால் காட்டு வழி முழுக்கப் போனில் சிக்னல் கிடையாது. அதற்கு முன்னால் பிடித்துவிட வேண்டும் என்றுதான் அவள் கணவர் குமரேசன் அண்ணன் அழைத்திருக்கிறார். "போயிட்டாம்மா" என்றார். என் வாயிலிருந்து முதலில் வந்தது, "தாரிணி வந்துட்டாளா?" என்பதுதான். "இப்பத்தான் டிக்கெட் போடுறாளாம்" என்றார். நான் ஒரு கெட்ட வார்த்தை சொன்னேன். தமிழ் தெரியாத கண்டக்டர்கூடத் திரும்பிப் பார்த்தார்.

தாரிணி அவர்களுடைய ஒரே மகள். மெயின்லாண்டில், கோயம்புத்தூரில் இருக்கிறாள். அம்மா கண்ணை மூடுவதற்குள் அவள் வந்து சேர்வாளா என்பது ஒன்றுதான் கடைசி நாட்களில் எங்கள் எல்லோருடைய கவலையும். வரவில்லை. டீக்கடைப் பெஞ்சில் உட்கார்ந்து அழுதேன். முன்பின் தெரியாத பெங்காலி அம்மாள் ஒருத்தி என் முதுகில் கை வைத்து, "ரோ லோ தீதி" என்றாள். அழுது தீர்த்துவிடு அக்கா என்கிறாள். வசந்தா பக்கத்தில் இருந்திருந்தால் அந்தக் கையைத் தட்டிவிட்டிருப்பாள்.

பள்ளிக்கூடத்தில் நடந்த இரங்கல் கூட்டத்தில் அவளைத் தாயுள்ளம் கொண்டவர் என்று டீச்சர்களான நீங்கள் பேசியதைக் கேட்டேன். பேசியவர்களில் பாதிப் பேர் அவளைக் கண்டாலே வேறு வழியில் போவார்கள். போனவர்களைப் பற்றி நல்லதாக நாலு வார்த்தை சொல்ல வேண்டும், சரிதான். ஆனால் பொய் சொன்னால் அவளுக்கே பிடிக்காது. அவர் என்று எழுதவும் எனக்குக் கை வரவில்லை. அவள் என்றே எழுதுகிறேன்.

புதிதாக வந்திருப்பவர்களுக்காகச் சொல்கிறேன். நான் தமிழ் எடுத்த அதே பள்ளியில் அவள் கவுன்சிலர். சைக்காலஜி படித்தவள். படித்ததை அலமாரியில் வைத்துப் பூட்டுகிற ஆள் இல்லை. "சைக்காலஜி புக்குக்குள்ள இல்லடி, சோத்துப் பானைக்குள்ள இருக்கு" என்பாள். எதைக் கவனிக்கிறோமோ அது வளரும் என்பது அவள் கணக்கு. அழுகையைக் கவனித்தால் அழுகை வளரும், அடத்தைக் கவனித்தால் அடம் வளரும். மொபைலுக்காகத் தரையில் புரளும் பிள்ளைகளை இழுத்துக்கொண்டு பெற்றோர்கள் அவள் அறை வாசலில் நிற்பார்கள். எல்லோருக்கும் ஒரே மருந்துதான். "அழுகைக்குப் பதில் சொல்லாதே. நின்னதும் போ. போகாம மட்டும் இருந்துடாதே." பிள்ளைகள் அடங்கினார்கள். அதை யாரும் மறுக்க முடியாது.

ஆசிரியர் அறையில் நடந்தது உங்களில் சிலருக்கு நினைவிருக்கும். கைக்குழந்தைக்காரியான ஒரு தெலுங்கு டீச்சரை நிகோபார் பக்கம் மாற்றிவிட்டார்கள். ஆர்டரைப் பார்த்ததும் அவள் மேஜையில் தலை கவிழ்ந்து தேம்பினாள். நான் தண்ணீர் எடுக்க எழுந்தேன். வசந்தா என் புடவைத் தலைப்பைப் பிடித்து உட்கார வைத்துவிட்டு, ஆரஞ்சுப் பழம் உரித்துக்கொண்டிருந்தாள். தோலை உரித்தாள், நாரை எடுத்தாள், சுளை சுளையாகத் தட்டில் அடுக்கினாள். விசும்பல் ஓய்ந்த பிறகு அந்தத் தட்டை அப்படியே அந்தப் பெண் முன்னால் தள்ளி, மாற்றலை நிறுத்த யாரைப் பார்க்க வேண்டும் என்று பொறுமையாகச் சொல்லிக்கொடுத்தாள். கூடவே அலைந்து நிறுத்தியும் கொடுத்தாள். அந்தப் பெண் அதன் பிறகு எங்கள் முன்னால் அழுததே இல்லை. எங்களோடு உட்கார்ந்து சாப்பிட்டதும் இல்லை.

என் வீட்டுக்காரர் இறந்தபோது ஊரே வந்தது, வசந்தா வரவில்லை. டெய்ரி ஃபார்ம் ஏரியாவில் அவள் வீட்டுக்கும் என் வீட்டுக்கும் நடுவே ஒரு சந்துதான். என் கதறல் அவளுக்குக் கேட்டிருக்கும். எல்லோரும் போய், அழுது அழுது எனக்கே அலுத்துப்போன ஒரு சாயங்காலம் மீன் குழம்போடு வந்து நின்றாள். அன்றிலிருந்து தினமும் வந்தாள். எனக்கு ஒருவேளைச் சோறு உள்ளே போனது அவளால்தான். இதையும் சொல்லாவிட்டால் நான் மனுஷியே இல்லை.

ஆனால் தாரிணி விஷயத்தில் அவளை நான் மன்னிக்கவில்லை. அந்தப் பிள்ளை ஒன்றாம் வகுப்புப் படிக்கும்போது மாடிப்படியிலிருந்து விழுந்து அலறியது. சந்தில் நின்ற நான் ஓடினேன். வசந்தா கரண்டியைக் குறுக்கே நீட்டி, "தொடாதே" என்றாள். அம்மாவின் முகத்தையே பார்த்துக்கொண்டு அழுத பிள்ளை, உதட்டைக் கடித்து, மூச்சை இழுத்து, ஒருவழியாக அழுகையை விழுங்கியது. உடனே வாரி எடுத்து முத்தம் கொடுத்தாள், லட்டு கொடுத்தாள். கை முறிந்திருந்தது மறுநாள்தான் தெரிந்தது. மாவுக்கட்டுப் போட்ட டாக்டர், இவ்வளவு தைரியமான பிள்ளையைப் பார்த்ததில்லை என்றாராம். அதை வசந்தா வருஷக்கணக்கில் சொல்லிக்கொண்டிருந்தாள்.

காலேஜ் சேர்க்கப் பிள்ளைகளைக் கப்பலேற்றும் நாள் ஹேடோ ஜெட்டியில் எப்படி இருக்கும் என்று உங்களுக்குத் தெரியும். கீழே நிற்பவர்களும் அழுவார்கள், மேலே கம்பியைப் பிடித்து நிற்பவர்களும் அழுவார்கள். தமிழ், பெங்காலி, மலையாளி என்ற பேதமே இருக்காது. அன்றைக்குத் தாரிணி மட்டும் கையைக் கட்டிக்கொண்டு நின்றாள். குமரேசன் அண்ணன் கப்பல் டிக்கெட் கவுண்டரில் வேலை பார்த்துப் பழுத்தவர், எத்தனையோ பேரை அனுப்பி வைத்தவர். அவர் ஒரு லாரிக்குப் பின்னால் போய் மறைந்து அழுதுகொண்டிருந்தார். வசந்தா என் தோளை இடித்தாள். "பாத்தியா, அவ்வளவு பேர்ல ஒருத்தி அழல. யார் பொண்ணு?" என்றாள். முகமெல்லாம் பூரிப்பு.

அவளுக்கு வயிற்றில் நோய் வந்து, முற்றி, பெரிய ஆஸ்பத்திரியில் படுக்கையோடு படுக்கையான பிறகும் மகளுக்குச் சொல்லக் கூடாது என்று தடுத்துவிட்டாள். நோய்க்காக ஓடி வந்தால் அது நோய்க்குக் கொடுக்கிற மரியாதை, லீவு கிடைக்கும்போது தானாக வரட்டும் என்றாள். வாய்தான் அப்படிச் சொன்னது. வார்டுக் கதவு திறக்கும்போதெல்லாம் அவள் கண் அங்கே போய்விட்டு வந்தது. அதைப் பார்க்கச் சகிக்காமல்தான் ஒருநாள் மத்தியானம் அண்ணன் போனை எடுத்தார். அவருக்குக் காது மந்தம் என்பதால் ஸ்பீக்கரில் போட்டார்.

"அம்மா உன்னை நினைச்சு அழுதுகிட்டே இருக்கா தாரிணி. உடனே கிளம்பி வாம்மா."

வசந்தா ஒரு சொட்டுக் கண்ணீர் விட்டிருக்கவில்லை. ஆனால் மெயின்லாண்டில் பிள்ளைகளை வைத்திருக்கிற நாமெல்லோரும் இப்படித்தானே கூப்பிடுவோம்? நடுவில் கடல் கிடக்கிறது. கொஞ்சம் கூட்டிச் சொன்னால்தான் பிள்ளை அடுத்த ஃப்ளைட்டைப் பிடிக்கும். வேறு எந்த வீட்டிலும் அந்த வார்த்தை பலித்திருக்கும். அந்த வீட்டில் அதைச் சொல்லவே கூடாது. நான் போனைப் பிடுங்கப் போவதற்குள் அவர் சொல்லி முடித்துவிட்டார்.

அந்தப் பக்கத்திலிருந்து தாரிணி பேசினாள். கோபமில்லை, குத்தலில்லை. பிள்ளைக்குப் பாடம் சொல்கிற மாதிரி நிதானமான குரல்.

"சரிப்பா. அழுது முடிக்கட்டும். நார்மல் ஆனதும் சொல்லுங்க, வரேன்."

அண்ணன் கையில் இருந்த போனையே பார்த்துக்கொண்டு நின்றார். நான் வராந்தாவுக்கு ஓடி அவளைக் கூப்பிட்டேன். எடுத்தாள். உங்கம்மா பிழைக்க மாட்டாள், இது அழுகிற விஷயமே இல்லை என்று சொல்ல வாயைத் திறந்தேன். பாழாய்ப்போன என் குரல் உடைந்துவிட்டது. "நீங்களுமா ஆன்ட்டி? அப்புறமா பேசுங்க" என்று வைத்துவிட்டாள். மறுபடி கூப்பிட்டால் எடுக்கவில்லை. பெற்றவளைவிடச் சுத்தமாகச் செய்தாள்.

உள்ளே வந்து, அண்ணனை மறுபடி பேசச் சொன்னேன். "ரஹ்னே தோ" என்றாள் வசந்தா. விட்டுவிடு என்று சொல்ல அவளுக்கு எப்போதும் இந்திதான் வரும். "கரெக்டாத்தான் சொல்றா. நல்லா படிஞ்சிருக்கு." விடைத்தாளில் சரியான விடையைப் பார்த்த மாதிரி சிரித்தாள். அப்படியே சுவர்ப் பக்கம் திரும்பிப் படுத்துக்கொண்டாள். கொஞ்ச நேரத்தில் போர்வைக்குள் தோள் குலுங்கியது. இத்தனை வருஷப் பழக்கத்தில் அவள் அழுது நான் பார்த்தது அன்றைக்குத்தான். அண்ணன் சொன்ன பொய் உண்மையாகிவிட்டது. போய்த் தோளில் கை வைத்தேன்.

"கையை எடுடி" என்றாள், திரும்பாமலே. "பழகிடும்."

சாகப்போகிறவளுக்கு இனி என்ன பழகும்? கேட்டிருக்கலாம். கேட்கவில்லை, கையை எடுத்துவிட்டேன். பிறகு டாக்டரே தாரிணியோடு பேசி விஷயத்தைப் புரியவைத்தார். அவள் லீவுக்கு எழுதிப்போட்டாள். இன்னும் நாள் இருக்கிறது என்று டாக்டர் சொன்னதையும், போய்விட்டு வா என்று வசந்தா சொன்னதையும் நம்பி நான் ரங்கத்துக்குப் பஸ் ஏறினேன்.

மெயின்லாண்டிலிருந்து ஆள் வரும்வரை உடம்பை ஆஸ்பத்திரியில் வைத்திருப்பது நம் தீவு வழக்கம். மறுநாள் காலை ஃப்ளைட்டில் தாரிணி தன் பெண் குழந்தையோடு வந்தாள். வீட்டுக் கூடத்தில் கொண்டுவந்து கிடத்தியிருந்த அம்மாவின் நெற்றியைத் தொட்டாள், புடவை மடிப்பைச் சரிசெய்தாள். அண்ணன் அவளைப் பார்த்ததும் வாய்விட்டு அழுதார். அவர் ஓயும்வரை தள்ளி நின்றாள். ஓய்ந்ததும் போய் இறுக்கிக் கட்டிக்கொண்டாள். அம்மா அழுது முடித்ததும் வருகிறேன் என்றவள், சொன்னபடி வந்துவிட்டாள்.

கூட்டத்தையும் மாலையையும் பார்த்து மிரண்டு அந்தக் குழந்தை வீறிட்டது. நான் குனிந்தேன். "தொடாதீங்க ஆன்ட்டி" என்றாள் தாரிணி. அவள் கையில் கரண்டி இல்லை, அவ்வளவுதான் வித்தியாசம். குழந்தை ஒவ்வொரு முகமாகப் பார்த்து அழுதது. கூடம் நிறைய ஜனம், ஒருத்தரும் அசையவில்லை. நீங்கள் பலர் அங்கே இருந்தீர்கள். கடைசியில் அது உதட்டைக் கடித்து, மூச்சை இழுத்து, அழுகையை விழுங்கியது. தாரிணி கையை விரித்தாள், குழந்தை ஓடிப்போய் ஒட்டிக்கொண்டது. வசந்தாவின் வைத்தியம் பலித்தது. ஒரு தரம்கூடப் பொய்த்ததில்லை. எனக்கு ஆத்திரமே அதுதான்.

வசந்தாவின் மூக்குக் கண்ணாடியை அண்ணன் வைத்துக்கொண்டார். அவள் அறை நாற்காலியைப் பள்ளிக்கூடம் வைத்துக்கொண்டது. எனக்கு மிஞ்சியது இந்தக் கைதான். சந்தில் ஏதாவது குழந்தை விழுந்து அழுதால், பஸ்ஸில் பக்கத்து சீட்டில் யாராவது விசும்பினால், கை தானாக எழுகிறது. பாதி வழியில் நின்றுவிடுகிறது. நான் எவ்வளவு திட்டினாலும் நகர்வதில்லை. அழுகை நிற்கட்டும் என்று காத்திருக்கிறது.