அப்டேட் கை வைக்காத டிரைவ்

என் ஜெராக்ஸ் கடைக்குப் பக்கத்துக் கடைக்காரருக்குப் பெற்றவர்கள் வைத்த பெயர் ஒன்று உண்டு. அதைச் சொல்லி யாரும் கூப்பிட்டு நான் கேட்டதில்லை. தெருவுக்கே அவர் 'அப்டேட்'தான். கம்ப்யூட்டர் பழுது பார்ப்பவர். டிவிடி டிரைவுக்குள் அதை இயக்குகிற சின்ன மென்பொருள் ஒன்று இருக்கிறது, ஃபர்ம்வேர் என்பார்கள். அதற்குப் புது வெர்ஷன் வந்துவிட்டால் மனுஷனுக்கு இருப்புக் கொள்ளாது. உடனே ஏற்றியாக வேண்டும். பாதியில் ஏதாவது தடைபட்டால் டிரைவ் செத்துவிடும் என்பதால் ஷட்டரைப் பாதி இறக்குவார், ஃபேனை நிறுத்துவார், பக்கத்தில் யாரும் தும்மக்கூடாது.

"நல்லா ஓடுறதை ஏன்யா நோண்டுற?" என்று கத்திக் கத்தியே என் தொண்டை வற்றிப்போனது.

"புதுசுன்னா எதையாச்சும் சரி பண்ணித்தானே விட்டிருப்பாங்க அண்ணே!"

அவர் கைக்குத் தப்பியது ஒரே டிரைவ். மாடி வீட்டில் டியூஷன் எடுக்கும் அவர் மனைவியுடையது. 'கை வைத்தால் சாப்பாடு கிடையாது' என்று அதன்மேல் காகிதம் ஒட்டியிருந்தார் அந்த அம்மாள்.

போன மாதம் அப்டேட்டின் அக்கா ஒரு டிஸ்க்கோடு வந்தார். அவருக்குக் கல்லீரலில் ஒரு கட்டி. பழைய ஸ்கேனில் இருந்த அளவிலேயே இருந்தால் விட்டுவிடலாம், வளர்ந்திருந்தால் ஆபரேஷன் என்று டாக்டர் சொல்லியிருந்தார். ஆஸ்பத்திரியில் பழைய ஸ்கேனை அழித்துவிட்டார்கள். மிச்சம் இருந்தது பீரோவில் கிடந்த இந்த டிஸ்க் ஒன்றுதான். ஆஸ்பத்திரி கம்ப்யூட்டரில் அது திறக்கவில்லை.

அப்டேட்டின் கடையில் இருந்ததெல்லாம் ஒரே மாடல் டிரைவுகள், மொத்தமாக வாங்கியவை. ஒவ்வொன்றாகப் போட்டுப் பார்த்தார். எல்லாமே கொஞ்சம் முனகிவிட்டு டிஸ்க்கை வெளியே தள்ளின.

அப்டேட்டின் முகம் வெளுத்துவிட்டது.

"பழைய வெர்ஷன் கீறல் விழுந்ததைக்கூட விடாம திரும்பத் திரும்பப் படிக்கும்ணே. சத்தம் வருதுன்னு புதுசுல அதைக் குறைச்சிட்டாங்க. எல்லாத்தையும் நானே மாத்தித் தொலைச்சிட்டேன்."

ஒரு டிரைவில் பழைய வெர்ஷனைத் திரும்ப ஏற்றப் பார்த்தார். அது ஏற்கவில்லை. வலுக்கட்டாயமாக ஏற்றினார். டிரைவ் ஒரேயடியாகக் கண்ணை மூடிவிட்டது.

"விடுடா தம்பி, அறுக்கணும்னா அறுத்துட்டுப் போகட்டும்" என்றார் அக்கா. சொல்லும்போதே குரல் உடைந்தது. எனக்கு வந்த கோபத்துக்கு அப்டேட்டை நாலு வாங்கு வாங்கியிருப்பேன். அவர் நின்ற நிலையைப் பார்த்து, உட்காரச் சொல்லி ஸ்டூலை இழுத்துப் போட்டேன்.

சாப்பாட்டுக்குக் கூப்பிட வந்த அப்டேட்டின் மனைவி எல்லாவற்றையும் கேட்டார்.

"ஏங்க, என்னோடதும் இதே டிரைவ்தானே? அதுல போட்டுப் பாத்தீங்களா?"

எல்லோரும் மாடிக்கு ஓடினோம். டிரைவ் கரகரவென்று இரைந்தது, நின்றது, மறுபடி இரைந்தது. அக்கா கண்ணை மூடிக்கொண்டார். மெதுவாக, ஒவ்வொன்றாக, படங்கள் திரையில் வந்தன. அப்டேட் அவற்றைப் பென்டிரைவில் ஏற்றி, சாப்பிடாமலே அக்காவோடு ஆஸ்பத்திரிக்குக் கிளம்பினார்.

சாயங்காலம் எனக்குப் போன் வந்தது. "அண்ணே, வளரலையாம்! அதே அளவாம்! அறுக்க வேண்டாமாம்!" அதற்கப்புறம் அழுகைதான். என் கண்ணும் கலங்கியது, அதில் என்ன வெட்கம்.

மறுநாள் டியூஷன் கேள்வித்தாள்களைக் கொடுக்க மாடிக்குப் போனேன். டிரைவின் மேல் புதுக் காகிதம் ஒட்டியிருந்தது. 'கை வைத்தால் சாப்பாடு கிடையாது.' அதே எச்சரிக்கைதான். எழுதியிருந்தது அப்டேட்.