தூசி தட்டும் விகின்ஸ்

"யார் தேடி வந்தாலும் நான் செத்துப்போயிட்டேன்னு சொல்லிடு" என்கிறாள் எஜமானி. "போன வாரமே சொல்லிட்டேங்கம்மா" என்று பதில் சொல்லிவிட்டு, வேலைக்காரன் வேடத்தில் நிற்கும் ஹொரேஸ் விகின்ஸ் கோட்டுக் கையிலிருந்து இல்லாத தூசியைத் தட்டுகிறார். மனதுக்குள் ஒன்று, இரண்டு, மூன்று. சிரிப்பு அடங்க வேண்டுமாம். பிறகுதான் அடுத்த வரி: "மூணு மலர்வளையம் வந்துச்சு. ரெண்டை வித்துட்டேன்."

நியூயார்க் மேடையில் இதே வேடத்தை அறுநூறு தடவை போட்டவர். அந்த நாடகத்தை இப்போது ஹாலிவுட்டில் பேசும்படமாக எடுக்கிறோம். இங்கே சிரிக்க யார் இருக்கிறார்கள்? பூச்சாடிக்குள் ஒளிந்திருக்கும் மைக்குக்குப் பயந்து, தும்மலைக்கூட விழுங்கிக்கொண்டு நிற்கிறோம். ஒலிப்பதிவுக்காரனான என் காதில் விழுவதெல்லாம், மனிதர் மத்தியானம் தின்ற அவித்த முட்டை வயிற்றுக்குள் புரளும் சத்தம்தான்.

"யாருக்காகய்யா நிக்கிறீங்க? டிராம் வண்டிக்கா?" என்று கத்துவார் டைரக்டர் மக்ராடி.

"ஜனங்களுக்கு சார்."

"ஜனங்க எங்கய்யா இங்க இருக்காங்க?"

"வருவாங்க சார்."

பதினான்காவது தடவை மக்ராடி தொப்பியைக் கழற்றித் தரையில் அடித்தார். "இன்னொரு வாட்டி தூசி தட்டினீங்க, வேற ஆளைப் போட்டுருவேன்!"

விகின்ஸின் முகம் செத்துப்போயிற்று. ஐம்பத்தெட்டு வயதில் இந்த வேடமும் போனால், அப்புறம் எந்த நாய் கூப்பிடும்? கையிலிருந்த காப்பித் தட்டை இந்தத் தடவை இரண்டு கையாலும் இறுக்கிப் பிடித்துக்கொண்டு, இரண்டு வரியையும் ஒரே மூச்சில் கொட்டினார். "இதுதான்யா வேணும்!" என்று துள்ளினார் மக்ராடி.

படம் முடிந்தபின் ஒரு சனிக்கிழமை மாலை, பக்கத்து ஊர்த் தியேட்டரில் ஜனங்களுக்குப் போட்டுக்காட்டும் வெள்ளோட்டம். விகின்ஸ் என் பக்கத்து நாற்காலியில் உட்கார்ந்திருந்தார். "போன வாரமே சொல்லிட்டேங்கம்மா" என்று திரை சொன்னதுதான் தாமதம், கொட்டகை வெடித்தது. அந்த இரைச்சலுக்குள் திரையில் விகின்ஸின் வாய் மட்டும் அசைந்தது. மலர்வளையம் ஒருவர் காதிலும் விழவில்லை.

"என்னடி சொன்னான்?" என்றாள் பின்வரிசைக்காரி ஒருத்தி.

"நீ போட்ட கூச்சல்ல என்னத்தைக் கேக்கிறது?"

முன்வரிசையில் மக்ராடி பிடரியைச் சொறிந்துகொண்டிருந்தார். விகின்ஸ் அவரைத் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. நாற்காலியிலிருந்து பாதி எழுந்து, திரையில் விடாமல் பேசிக்கொண்டு போகிற தன்னை நோக்கி உள்ளங்கையை உயர்த்தினார்: "இருய்யா... கொஞ்சம் இரு."