ஒரு ரூபாய்க் காசுக்குள் ஐந்து

என் கணவர் எந்தப் பொருளையும் லேசில் வாங்க மாட்டார். ஆராய்ச்சி செய்வார். ஆராய்ச்சி முடிந்து எனக்கு அந்தப் பொருளின் மேல் ஆசையே விட்டுப்போன பிறகு, சில சமயம் அது வீட்டுக்கு வந்து சேரும். ஜெர்சி சிட்டியில் குடித்தனம் ஆரம்பித்தபோது ஒரு ரைஸ் குக்கருக்காக ஜர்னல் ஸ்கொயர் பக்கம் கடை கடையாக ஏறி இறங்கியிருக்கிறோம். மூடியைத் திறப்பார், அடிப்பாகத்தைத் தட்டிப் பார்ப்பார், ரிட்டர்ன் பாலிஸி கேட்பார், பிறகு "யோசிச்சு சொல்றோம்" என்று வெளியே வந்துவிடுவார். அவர் யோசித்து முடிக்கும்வரை நான் பாத்திரத்தில் சோறு வடித்துக்கொண்டிருந்தேன். ஃப்ரீமான்ட்டுக்குப் போனோம், அங்கே கார் வாங்க அதே கதை. டெக்ஸஸ் வந்து ஃபிரிஸ்கோவில் வீடு பார்த்தபோது ஒவ்வொரு குழாயையும் இவர் திறந்து திறந்து மூடியதில், வீடு காட்ட வந்த ஏஜெண்ட் அம்மாள் பொறுமையிழந்து தன் காரில் போய் உட்கார்ந்துகொண்டாள்.

அப்போதெல்லாம் பற்றிக்கொண்டு வரும். இப்போது நினைத்தால், மூக்கு சிவக்கும் அந்தக் குளிரில், கையில் எதுவும் வாங்காமல் இரண்டு பேரும் திரும்பி நடந்த சாயங்காலங்களுக்காக ஏங்குகிறேன். அன்றைக்கு எங்களுக்குப் பேச நிறைய இருந்தது. பாதிக்கு மேல் சண்டைதான், ஆனாலும் பேச்சு பேச்சுதானே.

அப்பேர்ப்பட்ட மனிதர் போன வருஷம் துப்பாக்கியில் குறி பார்ப்பதற்குப் பொருத்துகிற சைட் பற்றி ஆராய்ச்சியில் இறங்கினார். மிக்ஸி ஓடினாலே காதைப் பொத்திக்கொள்கிறவர் அவர். துப்பாக்கி என்னுடையது.

கல்லூரியில் நான் என்.சி.சி.யில் இருந்தேன். செங்கல்பட்டு பக்கம் ஒரு பொட்டல் வெளியில் கேம்ப் போட்டார்கள். கஞ்சி போட்ட காக்கி முழங்காலில் உரசும். கான்வாஸ் ஷூவுக்குப் போட்ட வெள்ளை பாலிஷ் விரலெல்லாம் ஒட்டும். தார்ப்பாயில் குப்புறப் படுத்து பாயிண்ட் டூ டூ ரைஃபிளைத் தோளில் அணைத்தபோது எண்ணெய் வாடை அடித்தது. அதுவரை எதையுமே பதறாமல் செய்தவள் இல்லை நான். பரீட்சை ஹாலில் கை நடுங்கும், பாட்டுப் பாடச் சொன்னால் தொண்டை வறளும். அன்றைக்கு மட்டும் உள்ளே எல்லாம் அடங்கிவிட்டது. ஐந்து குண்டு சுட்டேன். தாளை எடுத்து வந்ததும் பக்கத்தில் படுத்திருந்த ஃபிஸிக்ஸ் வகுப்புப் பெண் தன் பையிலிருந்து ஒரு ரூபாய்க் காசை எடுத்து அதன்மேல் வைத்தாள். ஐந்து ஓட்டையும் காசுக்குள் மறைந்துவிட்டன. எல்லாரும் ஓவென்று கத்தினார்கள். அவ்வளவு சந்தோஷம் அதற்கு முன் நான் பட்டதில்லை.

தாளைச் சுருட்டி ஊருக்குக் கொண்டுபோனேன். அம்மா அதைச் சமையலறை அலமாரியில் விரித்து, மேலே பருப்பு டப்பாக்களை அடுக்கிவிட்டாள். அம்மாவைச் சொல்லிக் குற்றமில்லை, நல்ல கெட்டித் தாள்.

இந்தக் கதையைக் கல்யாணமான புதிதிலிருந்து இவரிடம் சொல்லிவருகிறேன். ஒவ்வொரு தடவையும் இவர் கேட்பது ஒரே கேள்விதான்.

"தாள் எங்க?"

"அதான் அம்மா அலமாரியில விரிச்சிட்டாங்கன்னு சொல்றேனே."

"அப்ப டேட்டா இல்ல. டேட்டா இல்லாம எப்படிம்மா நம்பறது?"

விளையாட்டாகத்தான் சொல்வார். ஆனால் முழு விளையாட்டும் இல்லை. கணக்கு விஷயத்தில் அவர் யாருக்கும் ஒரு நூல் வளைந்து கொடுக்க மாட்டார். "கிட்டத்தட்ட" என்ற வார்த்தையே அவருக்குப் பிடிக்காது. எனக்கு அது சுருக்கென்று தைக்கும், வெளியே காட்டிக்கொள்ள மாட்டேன்.

டெக்ஸஸ் வந்த பிறகு ஆபீஸில் பெண்கள் எல்லாரும் ஒரு நாள் ஷூட்டிங் ரேஞ்சுக்குப் போனார்கள். நானும் போனேன். துப்பாக்கி தோளில் பட்டதும், செங்கல்பட்டில் அடங்கிய அதே அமைதி திரும்பி வந்தது. சிட்டிசன்ஷிப் வந்ததும் ஒரு பாயிண்ட் டூ டூ வாங்கிவிட்டேன். யாராவது துப்பாக்கியோடு புகுந்துவிட்டால் என்று ஸ்கூலில் மேஜைக்கடியில் ஒளிந்து டிரில் செய்தே வளர்ந்த எங்கள் மகள், "அம்மா, ஆர் யூ சீரியஸ்?" என்று கேட்டுவிட்டு ஒரு வாரம் முகம் கொடுத்துப் பேசவில்லை. அவள் பயம் நியாயமானது. அதனால் இரும்பு அலமாரி வாங்கிப் பூட்டினேன், சாவி என் கழுத்துச் சங்கிலியிலேயே இருக்கும். இவர் ரேஞ்சுக்கு டிரைவ் பண்ணிக்கொண்டு வருவார், ஆனால் உள்ளே வர மாட்டார். பார்க்கிங்கில் காருக்குள் உட்கார்ந்து ஏதாவது கேட்டுக்கொண்டிருப்பார்.

பிறகு கண் மக்கர் செய்ய ஆரம்பித்தது. குறி பார்க்கத் துப்பாக்கி முனையில் இருக்கும் சின்னக் கம்பி இரண்டு மூன்றாகத் தெரிந்தது. சிவப்புப் புள்ளி காட்டுகிற ரெட் டாட் ஒன்றை வாங்கி மாட்டினேன். எனக்குக் கண்ணில் சிலிண்டர் பவர் அதிகம். எல்லாருக்கும் புள்ளியாகத் தெரிவது எனக்கு வேர்வையில் கலைந்த குங்குமம் மாதிரி இழுத்துக்கொண்டு போனது. இலக்குத் தாளில் ஓட்டைகள் மூலைக்கொன்றாக விழுந்தன. ஒரு நாள் காரில் ஏறியதும் சொல்லிவிட்டேன்.

"வித்துடலாங்க. என் கண்ணு அவ்ளோதான்."

இவர் பாட்டை நிறுத்தினார். "எதுக்கு அவசரம்? நான் பாக்கறேன்."

அன்று தொடங்கியது ஆராய்ச்சி. வீடியோ வீடியோவாகப் பார்த்தார். சாப்பாட்டு மேஜையில் பாடம் எடுத்தார். பிரிஸம் சைட் என்று ஒன்று இருக்கிறதாம். அதில் குறி, விளக்கால் காட்டுகிற புள்ளி இல்லை, கண்ணாடியிலேயே செதுக்கியிருக்கிறார்கள். அதனால் சிலிண்டர் கண்ணுக்கும் கலையாது. பைனாகுலரில் இருப்பதுபோல ஒரு வளையம் உண்டு, அதைத் திருகி அவரவர் பவருக்குச் சரிசெய்துகொள்ளலாம். பேட்டரி தீர்ந்தாலும் கறுப்பாகக் குறி தெரியும். குறைகளையும் அவரே சொன்னார்: புள்ளி சைட்டைவிடக் கனம், கண்ணைச் சரியான தூரத்தில் வைக்காவிட்டால் ஓரமெல்லாம் இருட்டும். பெரிய கம்பெனிக்காரன் விற்பது யானை விலை. கடைசியில் உள்ளங்கையில் அடங்குகிற சின்னது ஒன்றை, ஒரு நல்ல மிக்ஸி விலைக்குக் கண்டுபிடித்து ஆர்டர் பண்ணினார். "ரிட்டர்ன் ஃப்ரீ" என்று இரண்டு தடவை சொன்னார்.

நான் என் பங்குக்கு ஒன்று சொன்னேன். இதிலும் தெரியவில்லையென்றால் துப்பாக்கியை விற்றுவிடுவேன், அப்புறம் யாரும் என்னைத் தடுக்கக் கூடாது. சொல்லும்போது குரல் சாதாரணமாகத்தான் இருந்தது. உள்ளே அழுகை வந்தது. இந்த ஊருக்கு வந்து எத்தனையோ கற்றுக்கொண்டேன், எல்லாவற்றையும் பயந்து பயந்துதான் செய்தேன். கை நடுங்காமல் நான் செய்த ஒரே காரியம் இது.

பார்சல் வந்தது ஆயுத பூஜையன்று. நான் வடை தட்டிக்கொண்டிருந்தேன். இவர் பெட்டியைப் பிரித்து, சைட்டைக் கையில் எடுத்துக்கொண்டு பேக்யார்டுக்குப் போய், ஒரு கண்ணை மூடி வேலியைப் பார்த்துக்கொண்டிருந்தார். நான் ஜன்னல் வழியாகக் கத்தினேன்.

"உள்ள வாங்க! பக்கத்து வீட்டுக்காரங்க போலீஸைக் கூப்பிடப் போறாங்க!"

உள்ளே வந்து ஹாலின் ஒரு கோடியில் நின்று, மறு கோடியில் இருந்த அரிசி மூட்டை எழுத்தை அதன் வழியாகப் படித்தார். "சூப்பர் க்ளியர். நீ ஒரு தடவை பாரேன்" என்றார். கையெல்லாம் மாவு. பூஜை முடியட்டும் என்றேன்.

லேப்டாப், கார் சாவி, என் தையல் மெஷின், டூல் பாக்ஸ், மகள் விட்டுப்போன வயலின் என்று எல்லாவற்றையும் சாமி முன்னால் அடுக்கினார். துப்பாக்கியைச் சாமி பக்கம் கொண்டுவர எனக்கு மனசு வரவில்லை. "வீட்டுல நிஜ ஆயுதத்தைப் பூட்டி வச்சிட்டு மிக்ஸிக்குப் பொட்டு வைக்கற ஒரே குடும்பம் நாமதான்" என்று சிரித்துவிட்டு, அதற்குப் பதிலாக சைட்டை வைத்தார். நான் நைவேத்தியம் எடுத்துவரப் போன நேரத்தில் எல்லாவற்றுக்கும் சந்தனம் குங்குமம் இட்டு முடித்திருந்தார். பூஜையில் வைத்ததை மறுநாள் வரை தொடக் கூடாது, அதனால் நானும் தொடவில்லை. மறுநாள் புனர்பூஜை முடிந்ததும், இரு பக்கமும் மூடி போட்டிருந்த சைட்டை அப்படியே பையில் எடுத்து வைத்தேன்.

சனிக்கிழமை காலை ரேஞ்சுக்குப் போனோம். இந்தத் தடவை இவரும் காரை விட்டு இறங்கினார். "ப்ராடக்ட் என்னோடது. ரிசல்ட் நான் பாக்கணும்" என்று காதில் பெரிய மஃப் மாட்டிக்கொண்டு என் பின்னால் நின்றார். பக்கத்து மேஜையிலிருந்து வந்த முதல் வெடிச் சத்தத்துக்கே அவர் தோள் குலுங்கியது, ஆனாலும் நகரவில்லை.

சைட்டைத் துப்பாக்கியில் பொருத்தி, மேஜையில் மணல் மூட்டைமேல் சாய்த்தேன். இரண்டு மூடியையும் தட்டித் திறந்து கண்ணை வைத்தேன். வளையத்தைத் திருகத் திருகக் கறுப்பு வட்டமும் அதன் நடுப்புள்ளியும் கத்தி மாதிரி கூர்மையாக வந்தன. ஆனால் வட்டத்துக்கு அப்பால் இலக்கு இல்லை. மஞ்சளும் சிவப்புமாக ஒரே மூட்டம், நடுவில் இன்னும் கெட்டியாக. கண்ணைத் துடைத்தேன், சைட்டில் கண் வைக்கிற பக்கத்துக் கண்ணாடியைத் துடைத்தேன். மறுபடியும் மூட்டம்தான். கண்ணில் புரை விழுந்தபோது அம்மா சொன்னது ஞாபகம் வந்தது: "எல்லாம் கஞ்சித்தண்ணிக்கு அந்தப் பக்கம் இருக்கு."

துப்பாக்கியை வைத்துவிட்டேன். பயமாக இருந்தது. அதைவிட, அவமானமாக இருந்தது.

"போதுங்க. இது சிலிண்டர் இல்ல, புரை. எனக்கு இனிமே இது கிடையாது. வீட்டுக்குப் போலாம்."

மஃப் போட்டிருந்ததால் காதில் விழவில்லை. இரண்டாம் தடவை கத்த வேண்டியிருந்தது. பக்கத்து மேஜைக்காரர் திரும்பிப் பார்த்தார்.

"இருக்க முடியாது" என்றார் இவர். "நான் பாத்தப்ப அரிசி மூட்டைல எக்ஸ்பைரி டேட் வரைக்கும் தெரிஞ்சுது. தள்ளு."

குண்டு அடைத்த மேகஸினைக் கழற்றி, உள்ளே எதுவும் இல்லையென்று தெரிய போல்ட்டைத் திறந்து வைத்துவிட்டு நகர்ந்தேன். துப்பாக்கியைக் கையால் தொடாமல், முதுகுக்குப் பின்னால் கைகட்டியபடி குனிந்து பார்த்தார். நெடுநேரம் பார்த்தார்.

"எனக்கும் அப்படித்தான் தெரியுது" என்றார். அப்புறம் அவர் முகம் ஒரு மாதிரி ஆனது. கையை நீட்டி, சைட்டின் முன்பக்கக் கண்ணாடிக்குள் விரலை விட்டு எடுத்தார். விரல் நுனியில் சந்தனம், அதன்மேல் குங்குமம்.

"கண்ணாடி மேலயா பொட்டு வச்சீங்க?"

"மூடி மேல வச்சா மூடிக்குத்தானே பூஜை?" என்றார் மிகவும் பரிதாபமாக. "அதான் தொறந்து, சரியா சென்டர்ல வச்சேன்."

எனக்குக் கோபம் வந்திருக்க வேண்டும். சிரிப்புதான் வந்தது, அடிவயிற்றிலிருந்து. என்னவோ ஏதோ என்று ரேஞ்ச் ஆபீஸர் கிழவர் ஓடி வந்தார். எங்கள் பண்டிகையில் டூல்ஸுக்கெல்லாம் பூஜை செய்வோம் என்று இவர் நெற்றியைத் தொட்டுத் தொட்டு ஆங்கிலத்தில் விளக்கினார். கிழவர் சிரிக்கவில்லை. தலையை ஆட்டிவிட்டு, சட்டைப் பையிலிருந்து லென்ஸ் துடைக்கும் துணியை எடுத்துக் கொடுத்தார்.

துடைத்துவிட்டுப் பார்த்தேன். இலக்குத் தாளின் ஓரத்தில் குத்தியிருந்த ஸ்டேப்பிள் பின் தெரிந்தது. அதைப் பார்த்ததுமே கண் நிறைந்துவிட்டதால் சற்றுப் பொறுத்துத்தான் சுட முடிந்தது.

புது சைட் என்பதால் முதல் குண்டுகள் கீழேயும் இடதுபுறமும் போயின. சைட்டின் திருகை எத்தனை க்ளிக் திருப்ப வேண்டும் என்று இவர் மனக்கணக்கு போட்டுச் சொன்னார், நான் திருகினேன். எனக்குத் தெரிந்து அவர் கணக்கும் என் கையும் சண்டையில்லாமல் ஒரு வேலையில் இறங்கியது அன்றுதான். பிறகு புதுத் தாள் மாட்டிவிட்டு வந்து, ஐந்து குண்டு எடுத்துக்கொண்டேன். அமைதி வந்தது. பின்னால் அவர் நிற்பதுகூட மறந்துவிட்டது.

எல்லாரும் சுடுவதை நிறுத்தும் விளக்கு எரிந்ததும் இவரே நடந்து போய்த் தாளைக் கழற்றி வந்தார். மேஜைமேல் விரித்து, பர்ஸிலிருந்து இருபத்தைந்து சென்ட் குவார்ட்டர் காசு ஒன்றை எடுத்து ஓட்டைகள்மேல் வைத்தார். இப்படியும் அப்படியும் நகர்த்தினார். நான்கு மறைந்தன. ஐந்தாவது, காசின் விளிம்புக்கு வெளியே ஒரு மயிரிழை எட்டிப் பார்த்தது.

"ஒண்ணு வெளிய போச்சா?" என்றேன். இவர் என்ன சொல்வார் என்று எனக்குத் தெரியும்.

குனிந்தபடியே காசை எடுத்தார், அதன் இரண்டு பக்கத்தையும் பார்த்தார்.

"நீ சொன்னது அந்தக் காலத்து ஒரு ரூபாய் காசுதானே?" என்றார். "அது இதைவிடப் பெருசு. உள்ளதான் இருக்கும்."

தாளை மடிக்காமல், கசங்காமல் சுருட்ட ஆரம்பித்தார்.

"ஆமாங்க," என்றேன். "பெருசுதான்."