பீம்ராவின் கவருமெண்ட் சீட்டு

பெட்டிக்குள் ஏறி நின்றுகொண்டு, "சாத்து நைனா" என்கிறார் பீம்ராவ். ஃபோர்க்லிஃப்ட் ஓட்டும் ஃபர்ஹான் இரண்டு இரும்புக் கதவுகளையும் அறைந்து மூடுகிறான். உள்ளே கும்மிருட்டு. நாற்பதடி கன்டெய்னர், எந்த ஊர்ச் சரக்கையோ இறக்கிவிட்டுக் காலியாகத் திரும்பியிருக்கிறது. வெயிலில் தகரம் நான்கு பக்கமும் கொதிக்கிறது. பீம்ராவ் டார்ச் அடிப்பதில்லை. முதலில் மூச்சை இழுத்து வாசனை பிடிக்கிறார், பிறகு அண்ணாந்து பார்க்கிறார். ஊசிமுனை அளவு வெளிச்சம் தெரிந்தாலும் அது ஓட்டை. நீலச் சட்டையின் பையிலிருந்து சாக்பீஸை எடுத்து, ஓட்டையைச் சுற்றி ஒரு முழு வட்டம் போடுவார். கூரையில் என்றால் சாக்பீஸை ஒரு பிரம்பின் நுனியில் செருகிக்கொள்வார். வேலை முடிந்ததும் உள்ளிருந்து இரண்டு தட்டு. கதவு திறக்கும்.

திருவொற்றியூரிலிருந்து எண்ணூர் போகிற சாலை நெடுகக் காலிப் பெட்டிகளை அடுக்கி வைக்கும் யார்டுகள் இருக்கின்றன. வந்து இறங்கும் பெட்டியில் எங்கே நசுங்கியிருக்கிறது, எங்கே துரு தின்றிருக்கிறது, சரி செய்ய என்ன ஆகும் என்று எஸ்டிமேட் எழுதிக் கொடுப்பது பீம்ராவின் தொழில். எந்த யார்டிலும் அவர் சம்பளக்காரர் இல்லை. பெட்டிக்கு இவ்வளவு என்று பேச்சு. பி.எஃப். கிடையாது, போனஸ் கிடையாது. தீபாவளிக்கு ஒரு ஸ்வீட் பாக்ஸ் மட்டும் மறக்காமல் வரும்.

மற்ற சர்வேயர்கள் இப்போதெல்லாம் செல்போன் படத்தைப் பார்த்தே கணக்குப் போட்டுவிடுகிறார்கள். பீம்ராவுக்கு அது ஆகாது. குத்துமதிப்பு என்ற சொல்லைக் கேட்டாலே அவருக்கு முகம் சுளிக்கும். "உள்ள குந்தி பாக்காம வெளிய நின்னு ரேட்டு சொல்றவன் சர்வேயரா மாமு? அவன் ஜோசியக்காரன்" என்பார். இதனால் ஒரு பெட்டிக்கு மற்றவர்களைவிட இரண்டு மடங்கு நேரம் ஆகும். ஆகட்டும் என்று விட்டுவிடுவார்.

இவ்வளவு கறாரான மனிதர் ஒரே ஒரு விஷயத்தில் மட்டும் உள்ளே போய்ப் பார்க்காமலேயே ஆறு வருடம் ஓட்டிவிட்டார் என்பதுதான் வேடிக்கை. அது வருமான வரி.

தொடக்கத்தில், யார்டுக் கணக்கர் அம்புரோஸ்தான் பீம்ராவின் பில்லில் நூற்றுக்குப் பத்து ரூபாய் பிடித்துக்கொண்டு மீதியைப் போட்டார். பீம்ராவ் சண்டைக்குப் போனார். இது முன்கூட்டியே பிடிக்கிற வரி என்று விளக்கிச் சொல்ல அம்புரோஸுக்குப் பொறுமை இல்லை. "டிடிஎஸ்ணா. எங்கியும் போவாது, திரும்ப வரும். ஐநூறு ரூபா குடு, நானே ரிட்டர்ன் எழுதிப் போட்டுடறேன்" என்றார். சொன்னபடியே ஆகஸ்டில் வங்கியிலிருந்து செய்தி வந்தது. பிடித்தது மொத்தமும் வந்திருந்தது, கூடவே கொஞ்சம் வட்டியும். பீம்ராவ் அன்றைக்கே முடிவு கட்டிவிட்டார்: மாதா மாதம் பிடிப்பார்கள், வருடத்துக்கு ஒருமுறை மொத்தமாகக் கொடுப்பார்கள், வட்டியும் உண்டு. இதற்குப் பெயர் சீட்டு இல்லாமல் வேறென்ன?

அவர் மனைவி கார்குழலி ஒரு காலத்தில் தெருவில் சீட்டுப் போட்டு ஏமாந்தவர். சீட்டு நடத்தியவள் ராத்திரியோடு ராத்திரியாக வீட்டைக் காலி செய்துவிட்டுப் போய்விட்டாள். அந்தக் காயத்துக்கு மருந்தாகத்தான் பீம்ராவ் அடிக்கடி சொல்வார்: "இது கவருமெண்ட் சீட்டும்மே. டெல்லிக்காரன் வூட்ட காலி பண்ணிகினு எங்க ஓடுவான்?" முதல் சீட்டில் ஃபிரிட்ஜ் வந்தது. அடுத்ததில் மகள் மகிழினிக்குக் கம்மல். அப்புறம் கட்டில். புளியந்தோப்பு ஹவுசிங் போர்டில் அந்த வரிசை முழுவதற்கும் பீம்ராவின் சீட்டு தெரியும். வருமான வரியை இவ்வளவு ஆசையோடு எதிர்பார்த்த மனிதர் வேறு யாரும் இருந்திருக்க மாட்டார்.

போன வருடம் ஆசை கொஞ்சம் பெரிதானது. கார்குழலி மூன்றாவது மாடி வீட்டில் கிரைண்டர் வைத்து இட்லி மாவு அரைத்து விற்கிறார். தண்ணீரைக் கீழேயிருந்து குடம் குடமாகத் தூக்க வேண்டும். கிரைண்டர் ஓடினால் கீழ் வீட்டுக்காரர் துடைப்பத்தால் கூரையை இடிக்கிறார். கார்குழலிக்கு முட்டி போய்விட்டது. தெருமுனையில் ஷம்ஷாத் என்கிற பாய் அம்மாவின் சின்னக் கடை ஒன்று காலியாக இருந்தது, வாசலிலேயே குழாய். அட்வான்ஸ் ஐம்பதாயிரம். "அடுத்த வருஷம் ஆகஸ்டுல உன் சீட்டு வருமில்ல, அப்ப குடு. உன்னை நம்பி வெச்சிருக்கேன்" என்று சொல்லியிருந்தார் ஷம்ஷாத்.

வழக்கமாக வரும் சீட்டு நாற்பதைத் தாண்டாது. ஆகவே பீம்ராவ் கணக்குப் போட்டார்: அதிகமாகப் பிடித்தால் அதிகமாக வரும், அதிகமாகப் பிடிக்க வேண்டுமானால் அதிகமாகச் சம்பாதிக்க வேண்டும். வள்ளூர்ப் பக்கம் மூன்றாவதாக ஒரு யார்டைப் பிடித்தார். ஞாயிற்றுக்கிழமையும் போனார். அந்த யார்டில் நூற்றுக்கு ஒரு ரூபாய்தான் பிடித்தார்கள். பீம்ராவ் நேரே ஆபீசுக்குள் போனார்.

"இன்னாம்மா, ஒத்த ரூபா புடிச்சிகீறீங்க? மத்தவங்க பத்து புடிக்கிறாங்க. நீங்களும் பத்தே புடிங்க."

கணக்கு எழுதும் பெண் கண்ணாடியைக் கழற்றிவிட்டு அவரைப் பார்த்தாள். கம்மியாகப் பிடிக்கச் சொல்லிக் கெஞ்சியவர்களைத்தான் அவள் பார்த்திருக்கிறாள். கேலி செய்கிறார் என்று நினைத்து, "வேலையைப் பாருங்க சார்" என்று அனுப்பிவிட்டாள். பீம்ராவுக்கு அது ஒரு மனக்குறையாகவே இருந்தது.

அம்புரோஸ் வேலையை விட்டுத் தூத்துக்குடிக்குப் போய்விட்டதால், இந்த மார்ச் தொடக்கத்தில் தண்டையார்பேட்டையில் ஜெராக்ஸ் கடையோடு வரிக் கணக்கும் பார்க்கும் பெர்சிஸைத் தேடிப் போனார். சீட்டு எவ்வளவு வரும் என்று முன்கூட்டியே தெரிந்துகொண்டால் ஷம்ஷாத்திடம் உறுதியாகச் சொல்லிவிடலாம். பெர்சிஸ் கம்ப்யூட்டரில் அவர் பான் கார்டு நம்பரைத் தட்டினாள்.

"மூணு இடத்துல வருமானம் வந்திருக்கே. மார்ச்சுல எவ்வளவு வரும்ணா?"

"அது எப்டிமா சொல்றது? பொட்டியே இன்னும் கப்பல்லருந்து எறங்கல."

"குத்துமதிப்பா சொல்லுங்க."

பீம்ராவின் முகம் சுளித்தது. "அந்த வேல நம்ம கைல கெடையாது."

ஒருவழியாகப் போன மாதத்துத் தொகையையே இந்த மாதத்துக்கும் போட்டுக்கொண்டாள். தொழிலுக்கு ஆன செலவுக்கு பில் இருக்கிறதா என்று கேட்டாள். பீம்ராவ் சட்டைப் பையைத் துழாவி, பாதி தேய்ந்த சாக்பீஸை மேசைமேல் வைத்தார். பெர்சிஸ் சிரிக்கவில்லை, பாவமாகத்தான் பார்த்தாள். பெட்ரோல், ஷூ, டார்ச் எல்லாவற்றுக்கும் பில் வாங்கியிருந்தால் வருமானத்தில் கழித்திருக்கலாம் என்றாள். பிறகு திரையைப் பார்த்தபடியே, "இருபத்தோராயிரம் கட்டணும்ணா. பதினஞ்சாந் தேதிக்குள்ள" என்றாள்.

"கட்டிடலாம். கட்டிட்டா எப்ப எடுக்கலாம்?"

"எடுக்க முடியாதுண்ணா. இது வரி."

"அதான், சீட்டு."

"சீட்டு இல்லண்ணா. இவ்வளவு வருஷம் உங்க வருமானம் வரம்புக்குள்ள இருந்துச்சு. அதனால புடிச்சது எல்லாம் திரும்பி வந்துச்சு. இந்த வருஷம் வரம்பைத் தாண்டிட்டீங்க. புடிச்சது பத்தல. மீதியை நீங்கதான் கட்டணும்."

"அப்ப இவ்ளோ நாளு வந்தது இன்னாது?"

"உங்க பணம். உங்களுக்கே வந்துச்சு."

"நம்ம துட்டு நம்ம கைக்கே திரும்பி வர்றதுக்கு பேரு தானே சீட்டு?"

பெர்சிஸுக்கே ஒரு கணம் குழம்பிவிட்டது.

"அந்த மூணாவது யார்ட உட்டுட்டா?" என்று கேட்டார் பீம்ராவ்.

"பத்து மாசம் வேலை செஞ்சாச்சேண்ணா. இப்ப விட்டு என்ன பண்றது? அதைச் செஞ்சதாலதான் வரம்பே தாண்டிச்சு."

"சேத்து வரட்டும்னு தாம்மா செஞ்சேன்."

ஷேர் ஆட்டோவில் திரும்பும்போது பீம்ராவ் ஒவ்வொரு வார்த்தையையும் திருப்பித் திருப்பிப் போட்டுப் பார்த்தார். கம்மியாக உழைத்தபோது கொடுத்தார்கள்; அதிகமாக உழைத்தபோது கேட்கிறார்கள். எங்கே நசுங்கியது என்றே பிடிபடவில்லை. மூன்றாவது யார்டின் பணம் ஏற்கெனவே மகிழினியின் காலேஜ் பீஸுக்குப் போய்விட்டது. பேங்கில் இருப்பது வரிக்கே சரியாக இருக்கும். மனிதர் இறங்க வேண்டிய இடத்தைத் தாண்டிப் போய், பேசின் பிரிட்ஜிலிருந்து நடந்து வந்தார்.

தெருமுனையில் கார்குழலி காத்திருந்தார். ஷம்ஷாத் கடைச் சாவியைக் கொடுத்துவிட்டு எதிரில் இருக்கும் தன் துணிக்கடைக்குப் போயிருந்தார். "இன்னாய்யா இவ்ளோ நேரம்? வா, நீ ஒருவாட்டி உள்ள நின்னு பாத்துட்டின்னா முடிச்சிடலாம்" என்று கார்குழலி கூட்டிப் போனார். கிரைண்டர் எங்கே, தூக்குச் சட்டி எங்கே, கல்லா எங்கே என்று கையால் முழம் போட்டுக் காட்டினார். இத்தனை உற்சாகமாக அவரைப் பார்த்துப் பல நாள் ஆகிவிட்டது.

பழக்க தோஷம், ஷட்டரை உள்ளிருந்து கீழே இழுத்துவிட்டார். இருட்டு. தகரக் கூரையின் மூலையில் மூன்று பொட்டு வெளிச்சம் தெரிந்தது. மூன்றும் சின்னவை.

கூரை போச்சு, இந்தக் கடை நமக்கு வேணாம் என்று ஒரு வார்த்தை சொன்னால் போதும். கார்குழலி மறுபேச்சு பேச மாட்டார். இருட்டில் நின்று பார்த்துவிட்டு பீம்ராவ் பொய் சொன்னதாக அவருக்குத் தெரிந்து ஒரு நாளும் இல்லை. சீட்டைப் பற்றி ஒன்றும் சொல்ல வேண்டியிருக்காது. ஷம்ஷாத்திடமும் தலை குனிய வேண்டாம். அந்த நினைப்பு வந்ததற்கே பீம்ராவுக்கு வெட்கமாக இருந்தது. ஆனாலும் அவர் சீக்கிரம் ஷட்டரைத் திறக்கவில்லை. சுவரைத் தடவிக்கொண்டு ஒரு சுற்று வந்தார், இன்னொரு சுற்றும் வந்தார்.

"இன்னாய்யா, ஒண்ணியும் பேச மாட்ற? ஓட்ட எங்கனா கீதா?" என்றது இருட்டிலிருந்து கார்குழலியின் குரல்.

ஷட்டரைத் தூக்கினார். வெளிச்சம் உள்ளே வந்தது.

"கூரைல மூணு கீது. ஒரு மணி நேர வேல, பட்டி வெச்சா போதும். கட நல்ல கட" என்றார்.

"அப்ப இன்னா?"

பீம்ராவ் சாக்பீஸை எடுத்தார். கூரையை அண்ணாந்து பார்க்கவில்லை. குனிந்து, தன் நீலச் சட்டையின் பையைச் சுற்றி, பெட்டியில் போடுவது போலவே ஒரு முழு வட்டம் போட்டார்.