திருக்கைக்கு ஒரு எண்

நர்ஸ் எழுதியதைக் கடைசி வரிவரை படித்துவிட்டுத்தான் ஜெயலட்சுமி டாக்டர் எழுதியதற்கு வருவார். மற்றவர்கள் நேரே டாக்டரிடம் போய்விடுவார்கள். "டாக்டர் கேட்டதை எழுதுவார். நர்ஸ்தான் பாத்ததை எழுதுவா" என்பது இவர் கட்சி.

துபாயில் ஒரு தனியார் மருத்துவமனையின் அடித்தளத்தில், ஜன்னல் இல்லாத அறை. ஜூலையிலும் ஸ்வெட்டர். பதினாறு வருடமாக மெடிக்கல் கோடிங். என்ன காயம், எதனால், எங்கே, என்ன செய்துகொண்டிருந்தபோது என்று எல்லாவற்றுக்கும் எண் போட வேண்டும். இன்ஷூரன்ஸ்காரர்களுக்கு மனிதனின் கதை தேவையில்லை, எண் போதும்.

கடல் பிராணிகள் பக்கத்துக்கு வந்துவிட்டால் ஜெயலட்சுமிக்குக் குஷி பிறந்துவிடும். டால்ஃபின் கடித்தால் ஒரு எண், முட்டினால் வேறு எண். "ஒருத்தன் வேணும்னே ஜெல்லி மீனை இன்னொருத்தன் மேல வீசினா அதுக்கும் கோடு இருக்குடி!" சத்வா பகுதியில் இருந்த வீட்டின் சாப்பாட்டு மேஜையில் இதைச் சொன்னால் மகள் ஸ்வாதி நம்ப மாட்டாள். "அம்மா, சும்மா கதை விடாத." திருச்சிக்காரரான ஜெயலட்சுமிக்குக் கடலைப் பற்றி இவ்வளவு தெரிந்ததே இந்த வேலையால்தான். இப்போதெல்லாம் அந்தப் பேச்சை அவர் எடுப்பதில்லை.

மார்ச் மாதம் ஒரு ஃபைல் வந்தது. கார்மேகம், முப்பத்தொரு வயது, வலது குதிகாலில் திருக்கை மீனின் முள். 'கடற்கரையில் குளித்தபோது' என்று டாக்டர் எழுதியிருந்தார். கூட வந்த சூப்பர்வைசர் சொன்னது அது. நர்ஸோ வேறு எழுதியிருந்தாள்: செவ்வாய்க்கிழமை காலை பத்தேகால், கம்பெனி யூனிஃபார்ம், இடுப்புவரை ஈரம், பெல்ட்டில் ரப்பர் கையுறை.

செவ்வாய்க்கிழமை காலையில் எவன் யூனிஃபார்மோடு கடலில் குளிப்பான்? ஜெயலட்சுமிக்குப் பற்றிக்கொண்டு வந்தது. டூட்டியில் பட்ட காயம் என்றால் கால் ஆறும்வரை கம்பெனி அவனை வைத்துப் பார்த்தாக வேண்டும். குளிக்கப் போனவன் என்றால் டிக்கெட் எடுத்து ஊருக்கு அனுப்பிவிடலாம். டாக்டரிடம் விளக்கம் கேட்டு எழுதினார். பதில் இல்லை. மறுநாளும் இல்லை. மூன்றாம் நாள் ஃபைலை முடித்தாக வேண்டும். டாக்டரின் அறை மூன்று மாடிதான் மேலே. ஏறிப் போய்க் கேட்டிருக்கலாம்.

"டாக்டரு எழுதலேன்னா அது நடக்கவே இல்லக்கா. கலாஸ், முடிச்சு அனுப்புங்க" என்றார் பிரிவுத் தலைவி ஹிஃப்ஸா. அந்தத் தொழிலின் சட்டமே அதுதான். ஜெயலட்சுமி பொழுதுபோக்குக்கு உரிய எண்ணைப் போட்டு அனுப்பிவிட்டார்.

தமிழ் மட்டும் தெரிந்த யாராவது ரெக்கார்ட்ஸ் கவுண்டரில் வந்து நின்றால் ஜெயலட்சுமியைத்தான் கூப்பிடுவார்கள். இரண்டு வாரம் கழித்து அப்படித்தான் கூப்பிட்டார்கள். கவுண்டரில் ஒருவன் நின்றிருந்தான். காலில் கட்டு, ஒரு காலுக்கு மட்டும் செருப்பு, கையில் ஒரு தாள்.

"அக்கா, நாளைக்கு ஃபிளைட்டு. இதுல டூட்டின்னு போட்டிருக்கான்னு பாத்துச் சொல்லுங்கக்கா. ஊருல காட்டி நஷ்டஈடு கேக்கலாம்னு ரூம்ல சொன்னாங்க."

ஜெயலட்சுமி தாளை வாங்கிப் பெயரைப் பார்த்தார், கார்மேகம். படிப்பதற்கு அதில் எதுவுமில்லை, அவர் போட்ட எண்கள்தான். இருந்தும் மேலிருந்து கீழாக ஒருமுறை படித்தார்.

"இல்லப்பா. கடல்ல குளிக்கப் போனப்போன்னு இருக்கு."

"குளிக்கவா?" அவனுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. "நமக்குக் கமுதிப் பக்கங்க்கா. கண்மாயே காஞ்சு கெடக்கும், நீச்சலே தெரியாது. கம்பெனி பிளாண்டுக்குக் கடல்தண்ணி வர்ற வாய்ல வலையில அடைச்ச பாசிய அள்ளிக்கிட்டிருந்தேன். எறங்குன்னாங்க, எறங்குனேன்." சிரிப்பு நின்றது. "யாருக்கா இப்படிப் போட்டது?"

டாக்டர் என்று சொல்லியிருக்கலாம். அது பொய்யுமில்லை.

"நான்தாம்ப்பா."

அவன் திட்டுவான் என்று நினைத்தார். திட்டினால் தேவலை என்றிருந்தது. "நீங்க என்னக்கா செய்வீங்க, எழுதிக் குடுத்தத போட்டிருப்பீங்க" என்று சொல்லி, தாளுக்குக் கை நீட்டினான்.

ஜெயலட்சுமி தாளை நீட்டினார். அவன் ஒரு முனையைப் பிடித்து மெதுவாக இழுத்தான். மறுமுனையை அவர் விடவில்லை.