சித்தியின் பாட்டில் மூன்று கைதட்டல்

என் சித்தி பாடகி என்று சொன்னால் திருச்சியில் எல்லோரும் கேட்கிற முதல் கேள்வி, எந்தப் படத்தில் பாடியிருக்கிறார் என்பது. படத்தில் பாடவில்லை என்றால், அப்போ கர்நாடக சங்கீதமா என்பார்கள். அதுவும் இல்லை என்றதும் பேச்சை வெயிலுக்கு மாற்றிவிடுவார்கள். எனக்குப் பத்து வயதாக இருந்தபோது, அப்படிப் பேச்சு மாறுவதற்குள் சித்தி பாடும் மேற்கத்திய இசையின் பெயர்களான ஜாஸ், சோல் என்ற இரண்டு வார்த்தைகளையும் சொல்லி முடித்துவிடுவது என் வழக்கம். அர்த்தம் கேட்டால் மட்டும் ஓடிவிடுவேன்.

சித்தி என் அம்மாவின் தங்கை. மேலப்புதூரில் எங்கள் தாத்தா நடத்திய மாதா கோயில் பாடகர் குழுவில் பாடி வளர்ந்தவள். கல்லூரியில் ஒரு சிநேகிதி கொடுத்த பழைய ஜாஸ் இசைத்தட்டு ஒன்று அவளைப் பிடித்துக்கொண்டது. பிறகு சென்னைக்குப் போய், ஓட்டல்களில் சாப்பிடுகிறவர்களுக்கு முன்னால் ஏழு வருடம் பாடினாள். தாத்தா ஒரே ஒரு முறை போய்க் கேட்டுவிட்டு வந்து அம்மாவிடம் சொன்னார்:

"தாளம் முன்னால போகுது, இவ பின்னால வரா. பஸ்ஸை விட்டவ மாதிரி."

அந்த வருடம் சித்தி தன் சொந்தப் பாட்டுகளைப் பதிவு செய்ய ஊருக்கு வந்தாள். தாத்தா அவளுக்கு ஒரு பள்ளியில் பாட்டு டீச்சர் வேலை பேசி வைத்திருந்தார். இந்தப் பாட்டுகள் வெளியே வராவிட்டால் அந்த வேலையில் சேர்ந்துவிடுவதாகச் சித்தியும் ஒப்புக்கொண்டிருந்தாள்.

பதிவு செய்ய அவள் கண்டுபிடித்த இடம், ஸ்ரீரங்கத்தில் ஒரு கல்யாண மண்டபம். ஒரு சிநேகிதியின் கல்யாணத்துக்குப் போனபோது, அங்கே குரல் கூரை வரை போய் ஒரு சுற்றுச் சுற்றிவிட்டு இறங்கி வருவதைக் கவனித்திருக்கிறாள். ஆடியில் கல்யாணம் கிடையாது, மண்டபம் சும்மாத்தான் கிடக்கும் என்பது அவள் கணக்கு. மண்டபத்தைப் பார்த்துக்கொண்ட பெரியவர் நாமம் துலங்கச் சித்தியை ஏற இறங்கப் பார்த்தார்.

"நீங்க பாடறது பெருமாள் கேக்கற மாதிரிப் பாட்டா?"

"எல்லாப் பாட்டையும் அவர்தானே கேட்டாகணும், சார்."

பெரியவர் சிரித்துவிட்டார். "பேஷா பாடுங்கோ" என்று மூன்று நாளைக்குச் சாவியைக் கொடுத்தார்.

சென்னையிலிருந்து மூன்று வாத்தியக்காரர்கள் வந்தார்கள். ஒருவர் கொண்டுவந்தது ஆள் உயர வயலின் போல இருந்தது. அதை நிற்கவைத்து, கட்டிப்பிடித்து வாசித்தார். ஆடிப்பெருக்கோடு சேர்ந்து பள்ளிக்கு மூன்று நாள் விடுமுறை என்பதால் நானும் போனேன். யாராவது எட்டிப் பார்த்தால் உதட்டில் விரல் வைத்துக் காட்டுவது என் வேலை. இதற்காக வீட்டில் இரண்டு நாள் ஒத்திகை பார்த்திருந்தேன்.

ஆனால் ஆடியில் கல்யாணம் இல்லையே தவிர, அம்மன் கோயில் உண்டு என்பதை யாரும் யோசிக்கவில்லை. இரண்டு தெரு தள்ளி ஒரு கம்பத்தில் கட்டியிருந்த ஒலிபெருக்கி காலையில் ஆரம்பித்து அம்மனை அழைத்துக்கொண்டே இருந்தது. மதியம் சாப்பாட்டு நேரத்தில்தான் ஓய்ந்தது. அந்த இடைவெளியில் முதல் நாள் இரண்டு பாட்டு, மறுநாள் மூன்று. எல்லோரும் சேர்ந்து ஒரே மூச்சில் வாசிக்க வேண்டும், தனித்தனியாகப் பதிவு செய்து ஒட்டக் கூடாது என்பதில் சித்தி பிடிவாதமாக இருந்தாள்.

மூன்றாம் நாளுக்கு ஒரு பாட்டு மிச்சம். அவள் தமிழில் எழுதிய முதல் பாட்டு அதுதான். இந்த மெட்டில் தமிழ் நிற்குமா என்று வாத்தியக்காரர்களுக்கே சந்தேகம். மூன்று தடவை பாடினாள். மூன்றும் பாதியில் நின்றன. நாலாவது தடவை கண்ணை மூடிக்கொண்டாள். ஒரு வார்த்தையைத் தாளம் வந்து கூப்பிட்டும் கொடுக்காமல், கொஞ்சம் காக்கவைத்துக் கொடுத்தாள். நான் தினம் பேசுகிற சாதாரணத் தமிழ் வார்த்தைகள்தான். அவற்றுக்கு அவ்வளவு இடம் இருக்கும் என்று எனக்கு அன்றுவரை தெரியாது. கடைசி வரியில் குரல் மெலிந்து, மெலிந்து, நின்றது.

யாரும் அசையவில்லை. எல்லோரும் எதற்காகவோ காத்திருந்தார்கள். பாட்டு முடிந்தும் இப்படிச் சும்மா நிற்கிறார்களே என்று எனக்குப் பொறுக்கவில்லை. கைதட்டிவிட்டேன்.

கூரைவரை போன கடைசிச் சத்தம் இறங்கி அடங்கட்டும் என்றுதான் அவர்கள் நின்றிருந்தார்கள். நாலு முகங்களும் என் பக்கம் திரும்பின. அதே நேரத்தில் ஒலிபெருக்கியும் ஆரம்பித்துவிட்டது. அன்று ராத்திரி ரயிலில் வாத்தியக்காரர்கள் திரும்ப வேண்டும்.

நான் ஓடிப்போய்ப் பந்திக்கூடத்தில், கை கழுவும் குழாய் வரிசையின் மூலையில் உட்கார்ந்து அழுதேன். சித்தி தேடிக்கொண்டு வந்தாள்.

"எத்தனை தட்டு தட்டின?"

"மூணு."

"மூணா? எனக்கு ரெண்டுதான் கேட்டுச்சு" என்றாள். "வா, போட்டுக் கேப்போம்."

மூன்றுதான் இருந்தது. "இருக்கட்டும்" என்று சொல்லிவிட்டாள்.

இரண்டு மாதம் கழித்து ஒரு பெரிய கம்பெனி அந்தப் பாட்டுகளைக் கேட்டுவிட்டு வெளியிட முன்வந்தது. அவர்களின் போன் வந்தபோது சித்தி எங்கள் வீட்டில்தான் இருந்தாள். அம்மாவும் தாத்தாவும் கேட்கட்டும் என்று ஸ்பீக்கரில் போட்டாள். தமிழ்ப் பாட்டைத் தாளத்தோடு ஒட்டித் திரும்பப் பாட வேண்டும், கடைசியில் அந்தக் கைதட்டல் வேண்டாம், பிறகு உரிமை, ஒப்பந்தம் என்று அந்தக் குரல் எனக்குப் புரியாத வேறு என்னென்னவோ சொல்லிக்கொண்டு போனது. சித்தி முழுவதும் கேட்டாள்.

"இல்லைங்க, வேண்டாம்" என்றாள். வைத்துவிட்டாள்.

மறுநாள் வகுப்பில் எழுந்து நின்று, என் கைதட்டலுக்காக என் சித்தி ஒரு பெரிய கம்பெனியையே வேண்டாம் என்று சொல்லிவிட்டாள் என்று அறிவித்தேன். அந்த ஒரு வாரம் நான் தரையில் நடக்கவில்லை.

சித்தி பாட்டுகளைத் தானே இணையத்தில் வெளியிட்டாள். முதல் மாதம் கேட்டவர்களில் பாதிப்பேர் எங்கள் சொந்தக்காரர்கள். பிறகு எங்கிருந்தோ யார் யாரோ கேட்டார்கள். அதிகம் கேட்டது அந்தத் தமிழ்ப் பாட்டைத்தான். பெங்களூரில் கூப்பிட்டார்கள், மும்பையில் கூப்பிட்டார்கள், போன வருடம் ஜெர்மனியில் பாடினாள். பள்ளி வேலைக்கு வேறு ஒருவர் வந்துவிட்டார். தாத்தா போனைக் காதில் ஒட்டிவைத்து அந்தப் பாட்டைக் கேட்டுவிட்டு, "பின்னாலதான் வரா. ஆனா வேணும்னேதான் வரா" என்றார். எங்கள் வீட்டில் அதைவிடப் பெரிய விருது இன்னும் வரவில்லை.

போன மாதம் திருச்சிக்கு வந்திருந்தவளிடம், எனக்காகத்தானே அன்று மறுத்தீர்கள் என்று கேட்டேன். அவளுக்குச் சிரிப்பு அடங்கவே கொஞ்ச நேரமானது.

"உன் கைதட்டலை வெட்ட ஒரு நிமிஷம் ஆயிருக்காதுடி. பாட்டெல்லாம் அவங்களோடதாயிடும்னாங்க. என் பாட்டு என்கிட்ட இருக்கணும்னு நினைச்சேன், அவ்வளவுதான்."

இத்தனை வருடப் பெருமை ஒரு நொடியில் போயிற்று. அதன் இடத்தில் வந்து உட்கார்ந்த பெருமை அதைவிடப் பெரியது. போன் வந்த அன்று எங்கள் வீட்டுக் கூடம் இருந்ததை மறுபடி நினைத்துப் பார்த்தேன். எதிரே நாற்காலியில் தாத்தா. மேசைமேல் பாட்டு டீச்சர் வேலைக்குப் பள்ளி அனுப்பிய கடிதம். பக்கத்துணை என்று ஒருவரும் இல்லாமல் சித்தி அந்த ஒரு வார்த்தையைச் சொல்லிவிட்டு, சமையலறைக்கு வந்து ஒரே மூச்சில் இரண்டு தம்ளர் தண்ணீர் குடித்தாள். தம்ளர் அவள் வளையலில் பட்டுக் கிணுகிணுவென்று சத்தம் போட்டுக்கொண்டே இருந்தது. பாவம், நல்ல தாகம் போலிருக்கிறது என்று நினைத்து, மூன்றாவது தம்ளரையும் நான்தான் நிரப்பிக் கொடுத்தேன்.